நாகர்கோவிலில் இருந்து மன்னார் வளைகுடா: வனத்துறை படகு, ஸ்நார்கலிங். எந்த மாதம், என்ன தயாரிப்பு?

#1 தேரூர்நாரை

வணக்கம். நாகர்கோவிலில் இருந்து ஆறு பேர் மன்னார் வளைகுடா பக்கம் போகத் திட்டம். வனத்துறை படகில் தீவு, பறவை, முடிந்தால் ஓங்கல் (டால்பின்) பார்க்கணும். அதோடு ஸ்நார்கலிங் (முகக் கண்ணாடியும் மூச்சுக் குழாயும் போட்டு, குப்புற மிதந்து கடலுக்குள் பார்ப்பது). ஆறு பேரில் இரண்டு பேருக்கு நீச்சல் தெரியாது. ஒருத்தருக்கு மைனஸ் 3.5 கண்ணாடி. ஒரு பையனுக்கு 9 வயசு. பெரியவர் ஒருத்தருக்கு 58, பிபி மாத்திரை எடுக்கிறார். பள்ளி லீவு என்பதால் மே இரண்டாம் வாரம் போகலாமா? விடியற்காலை கிளம்பி ராத்திரி வீடு திரும்ப முடியுமா? எங்கே இறங்கணும், என்ன வாங்கணும்? தெரிந்தவர்கள் விவரமாகச் சொல்லுங்க.

#2 பாம்பன்வாடை

முதலில் மாதத்தை முடிவு பண்ணுங்க. அது தப்பினால் எவ்வளவு நல்ல கருவி வாங்கினாலும் கலங்கல் தண்ணியைத்தான் பார்ப்பீங்க.

மண்டபம், பாம்பன் பகுதியில் நிலம் ஒடுங்கிக் கடலுக்குள் நீண்டு போகும். வடக்கே பாக் விரிகுடா, தெற்கே மன்னார் வளைகுடா. அந்த ஊர்க்காரங்களுக்கு வடகடல், தென்கடல். வாடை வீசும் காலத்தில், அதாவது அக்டோபர் கடைசி முதல் ஜனவரி வரை, வடகடல் கொந்தளிக்கும்; தென்கடல் நிலத்தின் மறைவில் அடங்கி இருக்கும். ஏப்ரல் பாதிக்கு மேல் காற்று தெற்கு, தென்மேற்காகத் திரும்பியதும் இது அப்படியே மாறும். தென்கடலில் அலை ஏறி, அடிமணல் கலங்கி, பவளப்பாறை இருக்கிற ஆழமில்லாத இடமெல்லாம் பால் கலந்த மாதிரி ஆகிவிடும். செப்டம்பர் வரைக்கும் அதே கதைதான். பிப்ரவரி, மார்ச் இரண்டு மாதம் மட்டும்தான் ரெண்டு பக்கமும் ஓரளவு அடங்கிக் கிடக்கும்.

அதனால் மே மாதத்தில் தென்கடல் பவளப்பாறையை மறந்துடுங்க. இன்னொரு காரணமும் இருக்கு. ஏப்ரல், மே மாதங்களில் தண்ணி சூடேறும்போது பவளம் தன் உடலுக்குள் வாழும் பாசியை வெளியேற்றி வெளுத்துப் போகும். மன்னார் வளைகுடாவில் 1998, 2010, 2016 ஆண்டுகளில் பெரிய அளவில் இது நடந்திருக்கு. வெளுத்து நிற்கிற பவளம் செத்தது இல்லை, பட்டினி கிடக்குது. அந்த நேரத்தில் ஆட்கள் மேலே மிதந்து காலில் மாட்டிய துடுப்பால் மணலைக் கிளப்பினால் அது மீள்வது இன்னும் கஷ்டம்.

இடம்: பாம்பனுக்குத் தெற்கே குந்துக்காலில் இருந்து வனத்துறை படகு குருசடைத் தீவுப் பக்கம் போகுது. 1897இல் விவேகானந்தர் வந்து இறங்கிய இடம் அது, மணிமண்டபத்தை அடையாளமாக வைத்துக் கேட்டால் யாரும் வழி சொல்லுவாங்க. தூத்துக்குடிக்கும் ராமேஸ்வரத்துக்கும் நடுவே உள்ள 21 தீவுகளும் அவற்றைச் சுற்றிய கடலும் 1986 முதல் தேசியப் பூங்கா. அதனால் தனியார் படகு பிடித்துத் தீவில் இறங்குவதோ, அனுமதி இல்லாமல் பவளப்பாறை மேல் நீந்துவதோ குற்றம். 'நான் கூட்டிட்டுப் போறேன் சார், யாரும் கேட்க மாட்டாங்க' என்று கரையில் யாராவது சொன்னால் ஏறாதீங்க. அபராதம் உங்க தலையிலும் விழும், படகுக்காரர் பிழைப்பும் போகும்.

வடகடல் பக்கம் உச்சிப்புளி அருகே பிரப்பன்வலசையில் துடுப்புப் படகும் ஸ்நார்கலிங்கும் சொல்லிக் கொடுக்கிறாங்க. தொண்டிக்குத் தெற்கே காரங்காட்டில் வனத்துறையும் ஊர் மக்களும் சேர்ந்து சதுப்புநிலக் காட்டுக்குள் படகு விடுறாங்க. காரங்காட்டில் பறவையும் காடும்தான் பெரிய விஷயம். சேற்றுப் பகுதி என்பதால் தண்ணிக்குள் தெளிவு குறைவு.

மே மாதமே போயாகணும் என்றால் வடகடல். காலை 6.30க்குத் தண்ணியில் இருக்கணும், 10 மணிக்குக் கரை ஏறிவிடணும்.

#3 குளச்சல்வள்ளம்

பாம்பன்வாடை அண்ணன் சொன்னது அத்தனையும் சரி. மே மாசத்துக்கு இன்னொரு விசயம் சேத்துச் சொல்லுதேன்: கள்ளக்கடல்.

இங்கே காத்து இருக்காது, வானம் வெளுத்துக் கிடக்கும், கடலும் சும்மா கிடக்குத மாதிரி இருக்கும். ஆனா தெற்கே பல ஆயிரம் கிலோமீட்டர் தள்ளி அடிச்ச புயலோட அலை ரெண்டு மூணு நாள் கழிச்சு நம்ம கரைக்கு வந்து ஏறும். 2024 மே 6 அன்னைக்கு கணபதிபுரம் லெமூர் கடற்கரையில மருத்துவக் கல்லூரிப் பிள்ளைகள் அஞ்சு பேர் போனது இப்பிடித்தான். எச்சரிக்கை முன்னாடியே வந்திருந்து.

ஐதராபாத்துல இருக்க இன்காய்ஸ் நிறுவனம் தினமும் கடல் நிலை முன்னறிவிப்பு போடுது. அதுல ரெண்டு எண் பாக்கணும். ஒண்ணு அலை உயரம். இன்னொண்ணு அலைக்கு அலை உள்ள இடைவெளி, வினாடியில. உயரம் ஒரு மீட்டருக்கு மேல போனா ஸ்நார்கலிங் வேண்டாம். உயரம் கம்மியா இருந்தாலும் இடைவெளி 15 வினாடிக்கு மேல காட்டினா நம்பாதீங்க. அது தூரத்துல இருந்து வார அலை. கரை கிட்ட வந்துதான் எழும்பும்.

மீன்பிடித் தடைக்காலத்தையும் இதையும் போட்டுக் குழப்பாதீங்க. கிழக்குக் கரைக்கு ஏப்ரல் 15ல இருந்து ஜூன் 14, நம்ம மேற்குக் கரைக்கு ஜூன் 1ல இருந்து ஜூலை 31. ரெண்டும் 61 நாள். அது விசைப்படகுக்குத்தான். சுற்றுலாப் படகு அதனால நிக்காது. காத்தாலதான் நிக்கும்.

#4 தேரூர்நாரை

ரொம்ப நன்றி. அப்படியானால் மே வேண்டாம், பிப்ரவரி கடைசியில் ஒரு சனி ஞாயிறு பார்க்கிறோம். ஒரே நாளில் போய் வருவது பற்றி யாரும் சொல்லலையே?

#5 பாம்பன்வாடை

நாகர்கோவிலில் இருந்து மண்டபம் சுமார் 300 கி.மீ. திருச்செந்தூர், தூத்துக்குடி, வேம்பார், சாயல்குடி வழியாகக் கிழக்குக் கடற்கரைச் சாலை. ஆறு மணி நேரம் வெச்சுக்கோங்க. காலை 6.30க்குத் தண்ணியில் இருக்கணும் என்றால் நடுராத்திரிக்கு முன்னாடியே கிளம்பணும். தூங்காதவன் ஸ்நார்கலிங் போகக் கூடாது. தூங்காமல் தண்ணியில் கிடந்தவன் திரும்ப ஆறு மணி நேரம் வண்டி ஓட்டவும் கூடாது. முந்தின நாள் மதியம் கிளம்பி ராமநாதபுரத்திலோ மண்டபத்திலோ தங்குங்க. படகும் நீச்சலும் ஒரு நாள், பயணத்துக்கு அதுக்கு முந்தின நாள். இதில் சிக்கனம் பார்க்காதீங்க.

வரும் வழியில் தூத்துக்குடி தாண்டினால் உப்பளங்கள். பிப்ரவரியில் பாத்தி ஓரமாகப் பூநாரை நிற்க வாய்ப்பு உண்டு. வண்டியை ஓரம் கட்டி உள்ளே இருந்தே பாருங்க. இறங்கி நடந்தால் கூட்டம் மொத்தமும் எழும்பிடும். வலசை வந்த பறவைக்கு ஒவ்வொரு முறை பறப்பதும் சேர்த்து வைத்த கொழுப்பைச் செலவழிப்பது.

#6 முட்டம்பாறை

300 கி.மீ. எதற்கு? முட்டம், கடியபட்டணம் பாறை ஓரத்தில் ஜனவரி, பிப்ரவரியில் தண்ணி அவ்வளவு தெளிவு. பாறையில் சிப்பி ஒட்டிக் கிடக்கும், மீன் கூட்டம் இருக்கும், தேசியப் பூங்கா அனுமதியும் வேண்டாம். கரையில் இருந்தே இறங்கலாம். நம்ம மாவட்டக் கடலை விட்டுட்டு ஏன் வெளியே ஓடணும்?

#7 குளச்சல்வள்ளம்

தெளிவு இருக்கும், அதை மறுக்கல்ல. ஆனா இவங்க குழுவுல நீச்சல் தெரியாதவங்க ரெண்டு பேர், ஒரு சின்னப் பையன், பிபி உள்ள ஒரு பெரியவர். இவங்களுக்கு முட்டம் பாறை ஒத்துவராது.

காரணம் இது. மன்னார் வளைகுடாவுல தீவுக்கும் கரைக்கும் நடுவுல கடல் ஒடுங்கிக் கிடக்கும்; வெளி அலையைப் பவளப்பாறையே உடைச்சிரும். முட்டத்துல எதுவும் தடுக்க இல்ல. அரபிக் கடல் நேரா வந்து பாறையில மோதுது. அலை ஏறும்போது உங்களைப் பாறை மேல தூக்கி வைக்கும், இறங்கும்போது அதே வேகத்துல உரசிக்கிட்டு இழுக்கும். பாறையில இருக்க சிப்பியும், ஒட்டி வளருத கொட்டலசு ஓடும் பிளேடுதான். தொடை கிழிஞ்சா தையல் போடணும்.

சிப்பி எடுக்கப் போறவங்களைப் பாருங்க. பாறைக்கு எந்தப் பக்கம் நீவாடு (நீரோட்டம்) போகுதுன்னு முதல்ல நின்னு பாப்பாங்க. அலை வரிசையை எண்ணுவாங்க. பெரிய அலை கூட்டமா வந்துபோன பிறகு ஒரு இடைவெளி கிடைக்கும், அதுலதான் இறங்குவாங்க, அதுலதான் ஏறுவாங்க. ஏறுத இடத்தை இறங்குறதுக்கு முன்னாடியே குறிச்சு வெச்சிருப்பாங்க. இந்த மூணும் கண்ணுக்குப் பழகாம அங்கே இறங்கக் கூடாது. நல்லா நீந்தத் தெரிஞ்ச ஆள், சிப்பி எடுக்கிற ஒருத்தரோட, ஜனவரியில இருந்து மார்ச்சுக்குள்ள, கடல் அடங்கிக் கிடக்குத காலையில. அவ்வளவுதான் என் கணக்கு.

#8 மணக்குடிப்பொழி

பறவை மட்டும் போதும் என்பவர்களுக்கு நம்ம ஊரிலேயே இடம் இருக்கு. சுசீந்திரம், தேரூர், மணக்குடி ஈரநிலங்கள் காப்பகமாக அறிவிக்கப்பட்டவை. சுசீந்திரம் தேரூர் ஈரநிலத் தொகுதி 2022இல் உலக முக்கியத்துவம் உள்ள ஈரநிலங்களின் ராம்சார் பட்டியலிலும் சேர்ந்தது. பழையாறு கடலில் சேரும் மணக்குடியில் பொழி (ஆற்றுமுகம்) திறந்திருக்கும்போது வற்றத்தில் (கடல் இறங்கும் நேரத்தில்) மணல்திட்டு வெளியே தெரியும். ஆலாக்கள், உள்ளான்கள் அங்கேதான் இறங்கும். அலையாத்திச் செடிகள் ஓரமாகக் கொக்கும் நாரையும். நவம்பர் முதல் பிப்ரவரி வரை, வெயில் ஏறும் முன். 8×42 பைனாகுலர் ஒன்று போதும்.

மணக்குடிக் காயலில் (உப்பங்கழியில்) ஸ்நார்கலிங் மட்டும் கேட்காதீங்க. ஆற்று வண்டல், கதம்பல் (தேங்காய் மட்டை) ஊறிய கறுப்புச் சேறு, ஊர்க் கழிவு எல்லாம் சேரும் தண்ணி அது. ஒரு முழம் தள்ளி எதுவும் தெரியாது, காதிலும் தோலிலும் தொற்று வரும்.

#9 கண்ணாடித்தட்டு

கருவி பற்றி நான் எழுதுறேன். பணம் போடவேண்டியது ஒன்றே ஒன்றுக்குத்தான்: முகக் கண்ணாடி. மற்றதை வாடகைக்கு எடுக்கலாம்.

கடையில் சோதிக்கும் முறை: பட்டையை முன்பக்கம் தள்ளிவிட்டு, கண்ணாடியை முகத்தில் லேசாக வைங்க. முடி உள்ளே மாட்டக் கூடாது. மூக்கால் கொஞ்சம் மூச்சை உள்ளே இழுத்து அடக்கிட்டு, கையை எடுத்துடுங்க. பட்டை இல்லாமலே ஐந்து வினாடி முகத்தில் ஒட்டி நின்றால் உங்க முகத்துக்குப் பொருந்துது. நழுவினால் அடுத்தது. பட்டையை இறுக்கிச் சரி பண்ணலாம் என்று கடைக்காரர் சொல்வார். இறுக்கினால் சிலிகான் விளிம்பு மடங்கி இன்னும் அதிகமாக ஒழுகும். பட்டை தலையின் பின்பக்கம் புடைத்த இடத்துக்கு மேலே உட்காரணும், இரண்டு விரல் நுழையுற அளவு தளர்வாக.

மீசைதான் நம்ம ஆட்களுக்குப் பெரிய பிரச்சினை. மேல் உதட்டில், மூக்குக்கு நேர் கீழே, விளிம்பு உட்காரும் இடத்தில் அரை விரல் அகலம் மழித்துவிட்டால் ஒழுகல் பெருமளவு நிற்கும். மழிக்க மனசில்லை என்றால் அங்கே சிலிகான் கிரீஸ் தடவுங்க. வாசலின் வேண்டாம், நாளடைவில் விளிம்பைக் கெடுக்கும்.

புதுக் கண்ணாடியின் உள்பக்கத்தில் தயாரிப்பின்போது படிந்த மெல்லிய படலம் இருக்கும். அதை எடுக்காமல் போனால் ஐந்து நிமிடத்தில் பனி மூடும், எதுவும் தெரியாது. வெள்ளைப் பற்பசையை (ஜெல் வகை கூடாது) உள்பக்கம் தடவி விரலால் இரண்டு நிமிடம் தேய்த்துக் கழுவுங்க, மூன்று நான்கு முறை. கடலில் இறங்கும் முன் ஒரு துளி குழந்தை ஷாம்பூ, இல்லை என்றால் எச்சில். தேய்த்து, கடல்தண்ணியில் லேசாக அலசினால் போதும். முகத்தையும் நனைத்துவிட்டுப் போடுங்க, சூடான முகத்தில்தான் வேகமாகப் பனி பிடிக்கும்.

மைனஸ் 3.5 நபருக்கு: பவர் லென்ஸ் மாற்றிப் போடும் முகக் கண்ணாடி ரெடிமேடாகக் கிடைக்கும், 0.5 இடைவெளியில். தண்ணிக்குள் பொருள்கள் மூன்றில் ஒரு பங்கு பெரிதாகத் தெரியும் என்பதால் மைனஸ் 3.0 போட்டாலும் சமாளிக்கலாம். கான்டாக்ட் லென்ஸ் போட்டு இறங்க வேண்டாம். கடல்தண்ணி பட்டால் கழன்று போகும், கண்ணில் தொற்றும் வரும்.

பையனுக்குக் குழந்தை அளவு கண்ணாடி, குழந்தை அளவு குழாய் இரண்டும் தனியாக வாங்குங்க. பெரியவர் குழாயில் அவன் விடும் மூச்சு முழுசாக வெளியேறாது. விட்ட காற்றையே திரும்ப இழுப்பான், அஞ்சு பத்து நிமிடத்தில் தலைவலி, மூச்சிரைப்பு.

முழு முகத்தையும் மூடும் கண்ணாடிகள் விற்கிறாங்க. பார்க்க வசதியாக இருக்கும். வாங்காதீங்க. காற்றறை பெரிசு, தண்ணி புகுந்தால் வாயாலும் மூச்சு எடுக்க முடியாது, பதற்றத்தில் சட்டென்று கழற்றவும் வராது.

#10 மருந்துப்பெட்டி

முழுமுகக் கண்ணாடி பற்றிச் சொன்னதை மருத்துவப் பக்கத்தில் இருந்தும் வழிமொழிகிறேன். 58 வயசுப் பெரியவருக்காக இதைக் கொஞ்சம் விரிவாக எழுத வேண்டியிருக்கு.

ஸ்நார்கலிங் சாவு என்றாலே தண்ணி குடித்து மூழ்கியது என்று நினைக்கிறோம். ஹவாய் தீவில் நடந்த ஆய்வு வேறொரு வழியைக் காட்டியது. குறுகலான குழாய் வழியாக இழுத்து இழுத்து மூச்சு விடும்போது நெஞ்சுக்குள் அழுத்தம் குறைந்து, நுரையீரலுக்குள் நீர் கசியத் தொடங்கும். ஆள் கத்தமாட்டார், கையை வீசமாட்டார். மூச்சு வாங்கும், உடம்பு சோர்ந்துபோகும், அப்படியே அசையாமல் மிதப்பார். பார்க்கிறவங்களுக்கு அவர் மீன் பார்க்கிற மாதிரியே தெரியும். இதய நோய், கட்டுப்படாத பிபி உள்ளவங்களுக்கு இது நடக்க வாய்ப்பு அதிகம்.

ஆகவே அவர் முதலில் தன் டாக்டரைக் கேட்கட்டும். பிபி கட்டுக்குள் இருந்து, இரண்டு மாடி ஏறினால் மூச்சு வாங்கவில்லை என்றால் யோசிக்கலாம். அன்று காலை மாத்திரையை விடக் கூடாது. அகலமான, வால்வு ஏதும் இல்லாத சாதாரணக் குழாய் கொடுங்க. கால் தரையில் படுகிற ஆழத்தில் 15 நிமிடம், பிறகு ஓய்வு. மூச்சு வாங்குவது போல் தோன்றிய அந்தக் கணமே குழாயைத் துப்பிவிட்டு மல்லாந்து படுத்துக் கையைத் தூக்கணும். 'இன்னும் கொஞ்சம் பார்த்துட்டு வாரேன்' என்பது கூடாது.

படகு குமட்டலுக்கு அவோமின் போடுபவர்கள் கவனிங்க: தூக்கம் வரும். போட்டால் படகோடு நிறுத்திக்கோங்க, தண்ணியில் இறங்காதீங்க. இறங்கவேண்டியவங்க படகின் நடுப்பகுதியில், புகை வராத பக்கம் உட்கார்ந்து தொலைவானத்தைப் பார்க்கணும். இரண்டு மணி நேரம் முன்னாடி இரண்டு இட்லி. வெறும் வயிறும் ஆகாது, பொங்கல் வடையும் ஆகாது.

#11 தேரூர்நாரை

நீச்சல் தெரியாத இரண்டு பேரும் லைஃப் ஜாக்கெட் போட்டுக்கொண்டு இறங்கலாமா? படகில் கொடுப்பதே போதுமா?

#12 பாம்பன்வாடை

படகில் கொடுக்கும் தடித்த ஆரஞ்சு ஜாக்கெட் மயங்கியவரைக்கூட மல்லாக்காகத் திருப்பி முகத்தை மேலே வைக்கச் செய்தது. அதைப் போட்டுக் குப்புறப் படுத்தால் அது உங்களைத் திருப்பப் பார்க்கும், கழுத்து வலிக்கும், கடைசியில் ஆள் நட்டுக்குத்தலாக நின்று பவளத்தை மிதிப்பார். படகுப் பயணம் முழுக்க அது உடம்பில் இருக்கணும். தண்ணியில் குப்புற மிதக்க 50 நியூட்டன் மிதப்பு விசை உள்ள மிதவைச் சட்டை வசதி. அதில் கவட்டைப் பட்டை இருக்கா என்று பாருங்க. இல்லாவிட்டால் சட்டை காதுவரை ஏறிவிடும்.

நீச்சல் தெரியாதவங்க அந்தச் சட்டையோடு, வழிகாட்டி இழுத்துப்போகும் ரப்பர் வளையத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு மிதக்கலாம். ஒரு வழிகாட்டிக்கு இப்படி நாலு பேருக்கு மேல் கூடாது. உங்க ஆறு பேருக்கு இரண்டு வழிகாட்டி கேளுங்க. பதிவு செய்யும்போதே கேட்டால் கிடைக்கும், கரையில் போய் நின்று கேட்டால் கிடைக்காது.

ஆனால் அதற்கு முன்னால் ஊரிலேயே ஒரு வேலை இருக்கு. இடுப்பளவு தண்ணி உள்ள நீச்சல் குளத்தில் மூன்று விஷயம் கைவரணும். முகத்தைத் தண்ணிக்குள் வைத்து வாயால் மட்டும் மூச்சு விடுவது: மெதுவாக, ஆழமாக, இழுப்பதைவிட விடுவது நீளமாக. அடுத்தது குழாயில் தண்ணி புகுந்தால் 'தூ' என்று ஒரே ஊதலில் வெளியேற்றுவது. ஊதியதும் முழு மூச்சு இழுக்காமல், கொஞ்சமாக இழுத்துப் பார்த்து, மிச்சம் இருந்தால் மறுபடி ஊதணும். மூன்றாவது கண்ணாடிக்குள் தண்ணி வந்தால் தலையை லேசாக நிமிர்த்தி, மேல்விளிம்பை நெற்றியோடு அழுத்தி, மூக்கால் ஊதி இறக்குவது. இந்த மூன்றும் பதறாமல் வந்தவர் கடலில் இறங்கலாம். வராதவர் படகில் இருந்து பார்க்கட்டும், அதில் ஒரு குறைச்சலும் இல்லை.

#13 குளச்சல்வள்ளம்

படகுல ஏறி இறங்குதது பத்தி யாரும் சொல்லல்ல. அடிபடுதது அதிகமும் அங்கேதான்.

ஓட்டுநர் எஞ்சினை நிறுத்தி, காத்தாடியை (எஞ்சின் விசிறியை) தண்ணிக்கு மேல தூக்கின பிறகுதான் யாரும் இறங்கணும், ஏறணும். சும்மா நியூட்டர்ல ஓடுதுன்னு சொன்னாலும் கூடாது. நங்கூரம் மணல்ல விழணும், பார் (பவளப்பாறை) மேல விழக் கூடாது. போட்டதும் ஒரு தேங்காய் மட்டையையோ காலிப் போத்தலையோ கயித்துல கட்டித் தண்ணியில விட்டுப் பாருங்க. அது நகருத வேகமும் திசையும்தான் நீவாடு. மெதுவா நடக்குத வேகத்துல போச்சுன்னா இறங்க வேண்டாம். இறங்குனா முதல்ல நீவாட்டுக்கு எதிரா நீந்திப் போங்க, களைச்ச பிறகு அது உங்களைப் படகுக்கே கொண்டு விடும். அமாவாசை, பௌர்ணமியை ஒட்டி இழுப்பு கூடுதல்.

ஃபைபர் வள்ளத்துல ஏணி இருக்கணும். பக்கப்பலகை உயரம், களைச்ச ஆள் கையூன்றி ஏற முடியாது. ஏணி இல்லாட்டா கயித்துல கால் வைக்க ஒரு கண்ணி போட்டு, தண்ணிக்குக் கீழே ஒரு முழம் தொங்க விடச் சொல்லுங்க. அமரத்துப் பக்கம் (வள்ளத்தோட பின்பக்கம்) வேண்டாம், எஞ்சின் அங்கே. துடுப்புச் செருப்பை ஏணியைப் பிடிச்ச பிறகு கழட்டி மேல குடுங்க. முன்னாடியே கழட்டினா நீந்த வராது.

பெண்கள் சுடிதார், துப்பட்டாவோட இறங்குதது ஆபத்து. பருத்தித் துணி தண்ணி குடிச்சுக் காலைச் சுத்தும். உடம்போட ஒட்டுத முழுக்கை நீச்சல் சட்டையும் லெக்கிங்சும் எல்லாருக்கும் நல்லது, ஆம்பிளைங்களுக்கும். முதுகும் கெண்டைக்காலும்தான் வெயில்ல வெந்து போகும். அதை மறைச்சா சன்ஸ்கிரீன் தேவையே குறைஞ்சிரும். அந்த கிரீம்ல இருக்க ஆக்சிபென்சோன் பவளத்துக்கு ஆகாது.

#14 முட்டம்பாறை

பாறை விஷயத்தில் #7 சொன்னதை ஏற்கிறேன், இந்தக் குழுவுக்கு அது சரிப்படாது. ஒன்று கேட்கணும்: உள்ளே என்னதான் தெரியும்? ஒரு மணி நேரம் என்ன பார்ப்பது?

#15 பாம்பன்வாடை

வடகடலில் கடல்தாழைப் படுகை. மேலே இருந்து பார்த்தால் வெறும் பச்சைப் புல். அவசரப்பட்டு நீந்தினால் அப்படியே முடிஞ்சுபோகும். ஒரே இடத்தில் அசையாமல் மூன்று நிமிடம் மிதந்து பாருங்க. புல் தாளின் மேல் சாம்பல் பூத்தது போல் படிந்த பாசியை ஒரா மீன் குஞ்சுகள் கூட்டமாக மேய்ந்துகொண்டு நகரும். நகரை மீன் தாடை மீசையால் மணலைக் கிளறும், அதன் பின்னாலேயே சின்ன மீன்கள் மிச்சம் பொறுக்கும். கடல் அட்டை மணலை ஒரு முனையில் தின்று மறு முனையில் உருட்டி உருட்டிக் கழித்திருக்கும். பேத்தை மீன் வரும், மேல்பரப்பில் முரல் மீன் ஊசி மாதிரி நிற்கும். ஆவுளியாவின் (கடல்பசு) உணவும் இந்தப் புல்தான். ஆனால் அதைப் பார்ப்போம் என்ற எதிர்பார்ப்போடு போகாதீங்க, அது அவ்வளவு அரிது.

பவளப்பாறை பக்கம் அனுமதியோடு இறங்க வாய்ப்பு கிடைத்தால் கிளிமீன், வண்ணாத்தி மீன். பவளத்தின் மேல் வழுவழுப்பாக ஒரு கோழைப் படலம் இருக்கும், அதுதான் அதன் தோல். விரல் பட்டால் அது கிழியும், அந்த இடத்தில் கிருமி புகும். பாறை போல் உருண்டு வளரும் வகை ஆண்டுக்கு ஒரு சென்டிமீட்டர் அளவுதான் வளரும். ஒரு உதையில் உடைவது பத்து இருபது வருட வளர்ச்சி. வற்றத்தில் வயிற்றுக்கும் பவளத்துக்கும் நடுவே ஒரு மீட்டர்கூட இல்லாத இடத்துக்கு மேல் போகாதீங்க.

ஓங்கல் தெரிந்தால் படகோட்டியிடம் 'துரத்துங்க அண்ணே' என்று கேட்காதீங்க. வேகத்தைக் குறைத்து, அது போகும் திசைக்குப் பக்கவாட்டில் 50 மீட்டராவது தள்ளி ஓட்டச் சொல்லுங்க. பிடித்திருந்தால் அதுவே கிட்ட வரும். மீனுக்கு ரொட்டி போடுவதும் வேண்டாம்.

#16 மருந்துப்பெட்டி

கடி, குத்துக்கு ஒரு பை எடுத்துக்கோங்க: இடுக்கி, வினிகர் அரை லிட்டர், ஃபிளாஸ்கில் வெந்நீர், ஒட்டுப்பட்டை, குடிதண்ணீர்.

சொறி (ஜெல்லிமீன்) பட்டால் தேய்க்காதீங்க, நல்ல தண்ணி ஊற்றாதீங்க. இரண்டுமே தோலில் ஒட்டியிருக்கும் கொட்டுசெல்களை வெடிக்கவைக்கும். கடல்தண்ணியால் அலசி, இழைகளை இடுக்கியால் எடுத்துவிட்டு, தாங்கக்கூடிய வெந்நீரில் (45 டிகிரிக்கு மேல் வேண்டாம்) 20 நிமிடமாவது வைங்க. பெட்டி வடிவச் சொறி என்று தெரிந்தால் இழைகளை எடுப்பதற்கு முன்னாடி வினிகர். திருக்கை முள், கல்மீன், ஒரா முள் குத்தினாலும் அதே வெந்நீர், அரை மணி முதல் ஒன்றரை மணி நேரம். அந்த விஷங்கள் சூட்டில் சிதையும். வெந்நீரைக் குத்துப்பட்டவர் கையை வைத்துப் பார்க்கக் கூடாது, உணர்ச்சி மரத்திருக்கும். நல்லா இருக்கிறவர் பார்க்கணும். ஆழமாகத் தைத்த முள்ளைப் பிடுங்காமல் ஆஸ்பத்திரிக்கு.

மூச்சு நின்றவரைத் தூக்கினால் வயிற்றை அமுக்கித் தண்ணி எடுக்க முயலாதீங்க. முதலில் வாயோடு வாய் வைத்து மூச்சு, பிறகு நெஞ்சை 30 முறை அழுத்தி 2 மூச்சு என்று தொடரணும். கடலோரக் காவல்படை 1554, கடலோரப் பாதுகாப்புக் குழுமம் 1093, ஆம்புலன்ஸ் 108.

#17 தேரூர்நாரை

எல்லாருக்கும் நன்றி. பிப்ரவரி கடைசி வாரம், வெள்ளி மதியம் கிளம்பி மண்டபத்தில் தங்கல். சனி காலை பிரப்பன்வலசை, ஞாயிறு குந்துக்கால் படகு. நீச்சல் குளப் பயிற்சி ஜனவரியிலேயே. பெரியவர் டாக்டரைப் பார்த்த பிறகு முடிவு. கடைசியாக ஒன்று: பையன் சங்கு, பவளத்துண்டு பொறுக்கி வர ஆசைப்படுறான். கரையில் ஒதுங்கிக் கிடப்பது என்றால் பரவாயில்லையா?

#18 பாம்பன்வாடை

பவளம் கூடாது. செத்துக் கரையில் ஒதுங்கிய துண்டாக இருந்தாலும் கூடாது. 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் பாதுகாப்பு அட்டவணைகளில் பவளம், கடல் குதிரை, கடல் அட்டை, கடல் விசிறி எல்லாம் இருக்கு. சில சங்கு வகைகளும் அட்டவணையில் உண்டு. எது எது என்று கரையில் நின்று பிரித்துப் பார்க்க முடியாது என்பதால், எதையும் எடுக்காமல் வருவதே வழி. காலிச் சங்கு ஓட்டுக்குள் முனிவன் நண்டு குடியிருக்கும் என்று பையனிடம் சொல்லுங்க, கவுத்து வைத்துக் காத்திருந்தால் நடந்து போவதைப் பார்ப்பான். ராமேஸ்வரம், கன்னியாகுமரி கடைகளில் காய்ந்த கடல் குதிரையோ பவளமோ காட்டினாலும் வாங்காதீங்க, வாங்குவதும் குற்றம்.

வெள்ளி காலை கிளம்பும் முன் இன்காய்ஸ் முன்னறிவிப்பைப் பாருங்க. மண்டபம் போய்ச் சேர்ந்ததும் வனச்சரக அலுவலகத்தில் மறுநாள் படகு உண்டா என்று நேரில் கேளுங்க. வடகிழக்குக் காற்று மணிக்கு 20 கி.மீ. தாண்டினால் சனி, ஞாயிறு இரண்டையும் மாற்றிப் போடுங்க: சனி குந்துக்கால், ஞாயிறு வடகடல். பாம்பனில் புயல் கூண்டு ஏறியிருந்தால் இரண்டும் இல்லை.

#19 குளச்சல்வள்ளம்

கிளம்புற அன்னைக்கு முகக் கண்ணாடியை வண்டி டேஷ்போர்டுல வெயில்ல போட்டுராதீங்க, சிலிகான் கோணிப் போகும். உள்ளே துணி வெச்சு டப்பாவுல எடுத்துட்டுப் போங்க. திரும்பி வந்ததும் நல்ல தண்ணியில ஊறவெச்சு நிழல்ல உலத்துங்க.